அக்ராவின் ஆடைகளும் நைரோபியின் பின்னல்களும்

நகரத்து ஆப்பிரிக்கப் பெண்ணை அவர் உடையின் வழியே திரையில் காண விரும்புவோர், கானாவின் ‘ஆன் ஆப்பிரிக்கன் சிட்டி’ தொடரையும் கென்யாவின் ‘ரஃபிகி’ திரைப்படத்தையும் அடுத்தடுத்துப் பார்க்கலாம். நிக்கோல் அமார்டெய்ஃபியோ உருவாக்கி 2014இல் யூடியூபில் வெளியான தொடரில், வெளிநாட்டில் வாழ்ந்து கானாவின் தலைநகர் அக்ராவுக்குத் திரும்பிய ஐந்து தோழியர், ஆப்பிரிக்க அச்சுத் துணிகளை நவீன பாணியில் தைத்து அணிந்து, காதலையும் நகர வாழ்வின் இடர்களையும் தயக்கமின்றிப் பேசுகின்றனர். பஞ்சத்தையும் போரையுமே ஆப்பிரிக்காவாகக் காட்டிப் பழகிய திரைக்கு அது தகுந்த மறுமொழிதான். ஆயினும் அந்த உடைகள் அக்ராவில் எத்தனை பெண்களுக்கு எட்டும் என்ற கேள்வி பார்ப்பவர் மனத்தில் எழாமல் இராது.

வனூரி கஹியூ இயக்கிய ‘ரஃபிகி’ (2018), அத்தகைய செல்வச் செழிப்பிலிருந்து விலகி, நைரோபியின் குடியிருப்புப் பகுதி ஒன்றில் நிகழ்கிறது. தளர்வான சட்டையுடன் சறுக்குப்பலகையில் திரியும் கெனாவும், வண்ணப் பின்னலோடு வரும் ஸிகியும் ஒருவரையொருவர் காதலிக்கின்றனர். அவர்களின் தந்தையரோ உள்ளூர்த் தேர்தலில் எதிரெதிரே நிற்பவர்கள். கெனாவின் சட்டையும் ஸிகியின் கூந்தலும் வசனத்துக்கு முன்பே அவர்களின் இயல்பைச் சொல்லிவிடுவதால், பாத்திரப் படைப்பில் நான் இப்படத்தையே தேர்வேன். ஆடை வடிவமைப்பைக் கண்டு மகிழ விரும்புவோருக்கு அத்தொடரே ஏற்றது. அது இணையத்தில் தடையின்றிப் பரவியது. ‘ரஃபிகி’யோ பிரான்சின் கான் திரைப்பட விழாவுக்குத் தேர்வான முதல் கென்யப் படமாக இருந்தும், தன்பாலினக் காதலைச் சித்திரித்ததற்காகச் சொந்த நாட்டில் தடைக்கு உள்ளானது.