ட்ரிலொஜியா, நாலா?

உவர்மலைப் பெடியன் ஒருவன் பழைய பிளேஸ்டேசன் ஒன்றை வாங்கிவிட்டு, "அண்ணா, மோர்ட்டல் கொம்பாட்டில் எதை முதலில் போட?" என்று கேட்டான். அந்தச் சண்டை வீடியோ கேம் தொடரில் 1996இல் வந்த ட்ரிலொஜியா, 1997இல் ஆர்கேடில் (காசு போட்டு ஆடும் கேம் மெசினில்) தொடங்கிய நாலாம் பாகமா?

படம்: ட்ரிலொஜியில் நிஜ நடிகர்களைப் படம்பிடித்துத் தட்டையாக ஆடவிட்டிருப்பார்கள். உடுப்பின் மடிப்புக்கூடத் தெரியும். நாலில் முப்பரிமாண உருவங்கள். கையை உற்றுப் பார்த்தால் பெட்டி அடுக்கினது போல இருக்கும். தொடரின் முதல் முப்பரிமாண ஆட்டம், வேறென்ன எதிர்பார்ப்பது!

சண்டை: இரண்டிலும் பெரும்பாலும் ஒரே கோட்டில்தான். நாலில் பக்கவாட்டில் விலகலாம், ஆயுதம் உருவலாம், கீழே கிடக்கும் கல்லைத் தூக்கி எறியலாம். எனக்குப் பிடித்தது அந்தக் கல்தான்.

ஆட்கள்: ட்ரிலொஜியில் 30க்கும் மேல். நாலில் 15 சொச்சம்.

காத்திருப்பு: ட்ரிலொஜியில் ஷாங் சுங் என்ற மந்திரவாதி வேறோர் ஆளாக உருமாறும்போது டிஸ்க் கிர்ரென்று சுற்றும், சண்டை அப்படியே நிற்கும். பக்கத்தில் இருப்பவன் அதற்குள் தேத்தண்ணி குடித்துவிடுவான்.

நாலைந்து பேர் மாறி மாறி ஆட ட்ரிலொஜி. தட்டையிலிருந்து முப்பரிமாணத்துக்குத் தொடர் எப்படித் தாவியது என்று பார்க்க ஆசையா? அப்போ நாலு. பெடியனிடம் ட்ரிலொஜியைத்தான் கொடுத்தேன், அவன் வீட்டில் மூன்று தம்பிமார்.