ஹோய் ஆன் கிராமச் சுற்றுலா: சைக்கிள், கூடைப் படகு, மஞ்சள் தோசை

முதலிலேயே மதிப்பெண்ணைச் சொல்லிவிடுகிறேன். ஐந்துக்கு மூன்றரை. அதில் இரண்டு சைக்கிளுக்கு, ஒன்று சமையலுக்கு, மிச்ச அரை படகுக்கு. அம்மாவிடம் கேட்டால் படகுக்கு மட்டுமே பத்து போடுவார், ஏன் என்று பின்னால் சொல்கிறேன்.

ஏப்ரலில் நான், வீட்டுக்காரர், அம்மா மூன்று பேரும் சேலத்தில் இருந்து வியட்நாம் போனோம். பெங்களூரில் விமானம் ஏறி, ஹோ சி மின் நகரில் மாறி, தா நாங்கில் இறங்கி, அங்கிருந்து காரில் 30 கிலோமீட்டர் போனால் ஹோய் ஆன். இ-விசா ஒருமுறை நுழைவுக்கு 25 டாலர், வீட்டில் உட்கார்ந்தே வாங்கிவிடலாம், ஏஜென்ட்டுக்குக் காசு கொடுக்காதீர்கள். அங்கே மஞ்சள் சுவர்களும் காகித விளக்குகளும் இருக்கிற பழைய நகரத்தை எல்லோரும் பார்ப்பார்கள், 1999-இலேயே யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்த ஊர் அது. அதை இரண்டு மாலை சுற்றி முடித்த பிறகு ஒரு நாள் கிராமத்துப் பக்கம் போகலாமே என்று தோன்றியது. காலை எட்டரையில் இருந்து மதியம் இரண்டரை வரை வயல்வழியே சைக்கிள், கீரைத் தோட்டம், கூடைப் படகு, கடைசியில் நாமே சமைத்துச் சாப்பிடுவது. ஒருவருக்கு 42 டாலர், மூன்று பேருக்கு ஏறக்குறைய 11,000 ரூபாய்.

"பதினோராயிரம் குடுத்து வயக்காடு பாக்கப் போறியா கண்ணு? கொளத்தூருக்கு வா, உங்க மாமா சும்மாவே காட்டுவான்" என்றார் அம்மா. பணம் கட்டியாகிவிட்டதால் பேச்சை மாற்றினேன்.

நிறுவனத்தின் பெயரைப் போடப்போவதில்லை. அந்த ஊரில் தெருவுக்கு நாலு பேர் இதே வழியை இதே புகைப்படத்தோடு விற்கிறார்கள், அதனால் ஒரு கம்பெனியைப் பற்றி என்று எடுத்துக்கொள்ளாமல் இந்த மாதிரிச் சுற்றுலா எப்படி இருக்கும் என்றே படியுங்கள். எங்களுக்கு வந்தவர்கள் நாற்பது நிமிடம் தாமதம். வியட்நாம் நேரம் நமக்கு ஒன்றரை மணி முன்னால், எட்டரை என்றால் நம் உடம்புக்கு ஏழு மணிதான், அரைத்தூக்கத்தில் ஹோட்டல் வாசலில் நின்றுகொண்டு அம்மா முகத்தைப் பார்க்காமல் தப்பிப்பதே பெரிய வேலையாக இருந்தது.

சைக்கிள்கள் சுமார்தான். கியர் கிடையாது, முன்னால் ஒரு கூடை, சீட்டு எல்லாம் வெள்ளைக்காரர் உயரத்துக்கு வைத்திருந்தது. வழிகாட்டிப் பையன் ஸ்பானர் எடுத்து அம்மாவுக்காக இறக்கிக் கொடுத்தான். ஹெல்மெட் கேட்டேன், சிரித்தான். பத்தாவது நிமிடத்தில் என் செயின் கழன்றது, அதையும் வீட்டுக்காரர்தான் மாட்டினார். இதெல்லாம் 42 டாலருக்குள் சரியாக இருந்திருக்க வேண்டியவை.

ஆனாலும் அந்தப் பாதைக்காக எல்லாவற்றையும் மன்னிக்கலாம். சேலத்தில் சைக்கிள் என்றாலே விடியற்காலையில் அடிவாரத்தில் இருந்து 20 கொண்டை ஊசி வளைவையும் மிதித்து ஏற்காடு ஏறுகிற வீரர்கள்தான் கண்ணுக்கு வருவார்கள், அதைப் பார்த்தே எனக்கு சைக்கிள் மேல் பயம். இங்கே மேடு என்பதே இல்லை. இரண்டு பக்கமும் நெல், நடுவில் ஒரு சைக்கிளும் ஒரு மாடும் ஒதுங்கிக்கொள்ளும் அளவுக்கு சிமெண்டுப் பாதை, கதிர் முற்றி மஞ்சள் ஏறத் தொடங்கியிருந்த நேரம், எருமை முதுகில் கொக்கு, வயலுக்கு நடுவிலேயே வண்ணம் பூசிய கல்லறைகள். கல்லறைகளைப் பார்த்து எங்களோடு வந்த ஒரு ஜோடி முகம் சுளித்தது. அம்மாவுக்கு அது வித்தியாசமாகவே படவில்லை, எங்கள் தாத்தாவையும் தோட்டத்தில் கிணற்றுக்குப் பக்கத்தில்தான் வைத்திருக்கிறோம். வண்டிகள் அங்கே வலது பக்கம் ஓடும், ஊருக்குள் இரண்டு திருப்பத்தில் மட்டும் கவனம் தேவை. அம்மா பள்ளிக்கூடத்துக்கு சைக்கிளில் போனவர், அப்புறம் நாற்பது வருடமாக மிதித்ததில்லை. முதல் நூறு அடி தள்ளாடினார், பிறகு எங்களை முந்திப் போய்விட்டார்.

அடுத்தது சா குவே என்கிற கீரை கிராமம். 2024-இல் ஐ.நா. சுற்றுலா அமைப்பு உலகின் சிறந்த சுற்றுலா கிராமங்கள் பட்டியலில் இதைச் சேர்த்திருக்கிறது, அந்தப் பெருமையைப் பையன் மூன்று முறை சொன்னான். ஓர் ஆள் அகலத்துக்குப் பாத்திகள், சீப்பால் வாரிவிட்ட மாதிரி நேராக. பக்கத்து நீர்நிலைகளில் இருந்து பாசியை வாரி வந்து மண்ணில் புதைத்துத்தான் உரம் போடுகிறார்கள். தண்ணீர் விடுவது, தோளில் காவடி மாதிரி ஒரு கழி, இரண்டு முனையிலும் பூவாளி. ஒரு பாட்டி இரண்டையும் ஒரே நேரத்தில் சாய்த்துக்கொண்டு பாத்தி ஓரமாக நடந்தார், இரண்டு பக்கமும் ஒரே சீராக மழை மாதிரி விழுந்தது. நான் தூக்கிப் பார்த்தேன், இடது பக்கம் கொட்டி என் செருப்புதான் நனைந்தது.

அம்மா இலை இலையாகக் கிள்ளி முகர்ந்துகொண்டே போனார். புதினா, கொத்தமல்லி இரண்டையும் கண்டுபிடித்தார். அடியில் ஊதா நிறமாக இருந்த தியா தோ என்ற இலை தெரியவில்லை. அடுத்ததைக் கசக்கியதும் "இது நம்ம திருநீத்துப்பச்சை புள்ள!" என்றார். ஆமாம், அதே வாசனை. நம் ஊரில் விதையைச் சப்ஜா என்று சர்பத்தில் போடுவோம், இலையைச் சாமிக்கு வைப்போம். அவர்கள் கொத்துக் கொத்தாகப் பச்சையாகவே தின்கிறார்கள். பிறகு கையில் மண்வெட்டியைக் கொடுத்து ஐந்து நிமிடம் கொத்தச் சொல்லிப் படம் எடுத்தார்கள், மூலிகைத் தண்ணீரில் கால் ஊற வைத்தார்கள். அந்த அரை மணி நேரம் போகாமலே இருந்திருக்கலாம்.

இப்போது படகு. காம் தான் என்ற இடத்தில், ஆறு கடலை நெருங்கும் உப்புத் தண்ணீரில் நீப்பா பனை அடர்ந்து நிற்கிறது. நீர்த் தென்னை என்று அவர்கள் மொழியில் பெயர், ஆனால் தண்டே வெளியில் தெரியாது, மட்டைகள் நேராகச் சேற்றில் இருந்து எழும்பும். பிரெஞ்சுக்காரர்களோடும் அமெரிக்காவோடும் நடந்த சண்டைகளில் கெரில்லாக்கள் ஒளிந்திருந்த காடு இது. அந்த இடத்தை இப்போது நூற்றுக்கணக்கான வட்டப் படகுகளும் பெரிய ஸ்பீக்கரில் கொரியப் பாட்டும் நிறைத்திருக்கின்றன. ஒருவர் படகை ராட்டினம் மாதிரி சுழற்றிக் காட்டுகிறார், சுற்றிலும் கைதட்டல், டாங் நோட்டுகள். ஒரு ரூபாய்க்கு முந்நூறு டாங் அளவுக்கு வரும் என்பதால் நோட்டில் இருக்கிற பூஜ்ஜியங்களைப் பார்த்து மிரண்டு ஐந்துக்குப் பதில் ஐம்பது கொடுத்துவிடாதீர்கள். ஏற்காடு ஏரியில் ஞாயிற்றுக்கிழமை படகுத்துறை வரிசையில் நின்ற எரிச்சல்தான் எனக்கு வந்தது. கிராம வாழ்க்கை என்று சொல்லி இதைக் காட்டுவது கொஞ்சம் ஓவர்.

எங்கள் படகைத் தள்ளியது ஐம்பதைத் தாண்டிய ஓர் அம்மா. அவர் சுழற்றவில்லை, கூட்டத்தை விட்டு ஓரக் கால்வாய்க்குள் கொண்டுபோனார். போகிற போக்கில் ஓலையைக் கிழித்து வெட்டுக்கிளி ஒன்று மடித்துக் கொடுத்தார். எங்கள் அம்மா படகைத் தடவித் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தார். மூங்கிலை முறம் மாதிரி நெருக்கமாகப் பின்னி, சாணி மெழுகி, மேலே ஒரு மரத்தின் பிசின் எண்ணெயைப் பூசிக் காயவைக்கிறார்கள் என்று வழிகாட்டி சொன்னான். பிரெஞ்சுக்காரர்கள் படகுக்கு வரி போட்டபோது "இது படகில்லை, கூடை" என்று சொல்லித் தப்பித்தார்கள் என்று ஒரு கதையும் சொன்னான். வரிக் கதை அம்மா காதில் ஏறவில்லை. சாணியிலேயே நின்றுவிட்டார். எங்கள் பாட்டியும் புது முறத்துக்கு வெந்தயம் அரைத்துச் சாணியோடு மெழுகித்தான் புழங்க எடுப்பார்.

அம்மா பிறந்தது கொளத்தூர் பக்கம். கல்யாணத்துக்கு முன்னால் பண்ணவாடித் துறையில் பரிசல் ஏறி, மேட்டூர் அணைத் தண்ணீரைத் தாண்டி அக்கரை நாகமரைக்குப் போய் வந்த ஆள். திடீரென்று கையை நீட்டித் துடுப்பைக் கேட்டார். மொழி கிடையாது, கையைத்தான் நீட்டினார். அந்த அம்மா ஒரு நொடி யோசித்துவிட்டுக் கொடுத்தார். அங்கே துடுப்புப் போடும் விதம் வேறு. ஆர்.டி.ஓ. ஆபீசில் வண்டி ஓட்டிக் காட்டுவோமே அந்த மாதிரி, படகின் முன்பக்கம் தண்ணீருக்குள்ளேயே எட்டுப் போட வேண்டும். அம்மா பரிசல் பழக்கத்தில் தண்ணீரைத் தன் பக்கமாக வாரி இழுத்தார். படகு முக்கால் வட்டம் திரும்பி ஓலைக்குள் போய் முட்டியது. இரண்டு பேரும் சிரித்தார்கள். அந்த அம்மா பின்னால் இருந்து கை மேல் கை வைத்து இரண்டு எட்டுப் போட்டுக் காட்டினார், மூன்றாவது எட்டில் படகு நேராகப் போனது. பத்து நிமிடம், இருபது மீட்டர் இருக்கலாம். நான் வீடியோ எடுத்தேன். இறங்கும்போது அம்மா தன் மணிபர்சைத் திறந்து எங்கள் யாரையும் கேட்காமல் டிப்ஸ் கொடுத்தார், எவ்வளவு என்று இன்றுவரை சொல்லவில்லை.

சமையல் வகுப்பு, படகுத்துறைக்குப் பக்கத்திலேயே ஓலைக் கூரைக்குக் கீழே. முதலில் ஊறிய அரிசியைத் தண்ணீர் விட்டுத் திரிகையில் அரைக்க வைத்தார்கள். நம் பக்கம் ராகிக்கல் என்போமே, கிட்டத்தட்ட அதேதான், நாம் காய்ந்த ராகியைப் போடுவோம், அவர்கள் ஈரம். அரைத்த மாவைக் கொதிக்கும் பானை வாயில் கட்டிய துணி மேல் மெல்லிசாகத் தேய்த்து ஆவியில் வேகவைத்தால் அரிசித்தாள். இலை வடாம் போடத் தெரிந்தவர்கள் கொட்டாவி விடலாம். காய்கள் எல்லாம் ஏற்கெனவே நறுக்கி வைத்திருந்தார்கள், அது எனக்குப் பிடிக்கவில்லை.

பான் சேவ் என்கிற அந்த மஞ்சள் தோசை மட்டும் அபாரம். அரிசி மாவில் மஞ்சள் போட்டு, எண்ணெய் தாராளமாக விட்ட வாணலியில் ஊற்றினால் சத்தம் எழும், அந்தச் சத்தம்தான் அந்தப் பெயரே. நாம் சொய் என்போம், அவர்கள் சேவ் என்கிறார்கள். இறால், பன்றிக்கறி, முளைப்பயறு வைத்து மடிக்க வேண்டும். பிறகு அரிசித்தாளில் கை நிறைய இலைகளோடு சுருட்டி, தொட்டுக்கொண்டு தின்பது. தட்டுவடை செட் தின்று வளர்ந்த சேலத்துக்காரர்களுக்கு மொறுமொறுப்பும் பச்சைக் காயும் காரமும் ஒரே வாயில் சேர்வது பழகிய விஷயம்தான், நான் நாலு தின்றேன்.

சிக்கல் அந்தத் தொட்டுக்கொள்வதில் வந்தது. அன்று சனிக்கிழமை, அம்மா கவிச்சி தொடமாட்டார், முன்பதிவிலேயே எழுதியிருந்தேன். தோசைக்குள் டோஃபுவும் காளானும் வைத்துத் தனியாகத்தான் கொடுத்தார்கள், ஆனால் கிண்ணத்தில் வந்தது மீன் சாறான நூக் மாம். கொண்டுவந்தவருக்கு அது அசைவம் என்றே தோன்றவில்லை, நம் ஊரில் சாம்பாருக்குப் பெருங்காயம் மாதிரி அவர்களுக்கு அது. நல்லவேளை, வாசனையிலேயே பிடித்துவிட்டோம். நீங்கள் போனால் "வெஜிடேரியன்" என்று சொல்லி நிறுத்திவிடாதீர்கள், சுத்த சைவத்துக்கு அவர்கள் சொல்லும் "சாய்" என்ற சொல்லைச் சொல்லுங்கள். அங்கேயும் பலர் அவர்கள் மாதத்தின் முதல் நாளும் பதினைந்தாம் நாளும், அதாவது அமாவாசை பௌர்ணமிக்கு, சாய்தான் சாப்பிடுகிறார்கள். "எங்கள் அம்மாவுக்கு இன்று அந்த மாதிரி நாள்" என்று பையனிடம் சொன்னதும் சட்டென்று புரிந்துகொண்டு சோயா சாறு, எலுமிச்சை, மிளகாய் கலந்து தானே புதிதாகச் செய்து கொண்டுவந்தான். மூன்றரையில் அரை மதிப்பெண் உண்மையில் அவனுக்குச் சேரவேண்டியது.

போவதாக இருந்தால் காலை முதல் வண்டியைப் பிடியுங்கள், பத்து மணிக்கு மேல் படகுத்துறையில் நிற்க முடியாது. வெயில் நம் சேலத்து வெயில் மாதிரி இல்லை, சட்டை பிழிந்தால் தண்ணீர் வரும். செப்டம்பரில் இருந்து டிசம்பர் வரை அங்கே மழைக்காலம், ஊருக்குள்ளேயே வெள்ளம் வரும், தவிர்க்கலாம். இதோடு மி சொன் சிவன் கோவில்களையும் ஒரே நாளில் சேர்த்து விற்பார்கள், வாங்காதீர்கள். 40 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது, 4-ஆம் நூற்றாண்டில் பத்ரவர்மன் என்ற சாம் இனத்து அரசன் தொடங்கிய இடம், அதற்குத் தனியாக ஒரு காலை ஒதுக்கவேண்டும்.

ஊர் திரும்பி அந்த மஞ்சள் தோசையை வீட்டில் இரண்டு முறை செய்தோம், கொஞ்சம் தேங்காய்ப்பாலும் சேர்த்து. தோசைக்கல்லில் சரியாக வரவில்லை, இரும்பு வாணலியில் வந்தது. புளிக்காத மாவு என்று அம்மாவுக்கு இன்னும் குறைதான்.

போன வாரம் கொளத்தூர் போனபோது அந்தப் படகு வீடியோவை அம்மா மாமாவிடம் காட்டினார். மாமா கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு இரண்டு முறை ஓட்டிப் பார்த்தார். "துடுப்பப் புடிக்கிற வெதமே தப்பு. யாரு அந்தப் பொம்பள, அவ நல்லாப் போடறா" என்றார்.