சுகமோட்டோவா, இஷியா: யாரிடமிருந்து தொடங்கலாம்?

ஜப்பானியச் சோதனைப் படங்களுக்குள் நுழைய விரும்புகிறவர்களுக்கு நான் சொல்லும் பெயர்கள் இரண்டு: ஷின்யா சுகமோட்டோ, சோகோ இஷி (இப்போது காகுர்யூ இஷி). இருவரும் நிஹோன் பல்கலைக்கழகத்தில் படித்தவர்கள், இருவருக்கும் தொடக்கம் 8 எம்எம் கேமராதான். படத்துக்குப் பணம் வரும் வழியில்தான் பிரிகிறார்கள்.

மூத்தவரான இஷிக்குக் கதவு சீக்கிரமே திறந்தது. மாணவராக 16 எம்எம்மில் எடுத்த ‘கிரேஸி தண்டர் ரோடு’ படத்தை 1980இல் டோயெய் நிறுவனமே வாங்கி வெளியிட்டது. ‘பர்ஸ்ட் சிட்டி’யில் பங்க் இசைக்குழுக்களும் பைக் கூட்டமுமாகத் திரையையே அதிர வைத்தார். ஆனால் பெரிய கனவுக்குப் பெரிய பணம் வேண்டும். 1984க்குப் பிறகு அடுத்த முழுநீளக் கதைப்படம் வரப் பத்தாண்டுகள் ஆயின. கோபோ அபேயின் ‘பாக்ஸ் மேன்’ நாவலைப் படமாக்க 1997இல் ஹாம்பர்க் வரை போனார்; படப்பிடிப்புக்கு முந்தைய நாள் எல்லாம் நின்றுபோனது. அன்று நடிக்க இருந்த அதே நடிகர் மசதோஷி நகசேயை வைத்து அதை முடித்து, 2024இல் பெர்லினில் திரையிட்டார். 27 ஆண்டுகள் ஒரு கதையை நெஞ்சில் சுமந்திருக்கிறார்! நினைத்தாலே மனம் கனக்கிறது.

சுகமோட்டோ யாருக்காகவும் காத்திருப்பதில்லை. ‘டெட்சுவோ’வில் (1989) இயக்கம், எடிட்டிங், கலை எல்லாம் அவரே, நடிக்கவும் செய்தார். உடன் நடித்த கெய் ஃபுஜிவாராவும் கேமராவைப் பிடித்தார். மனிதன் இரும்பாக மாறும் கதைக்குப் பழைய உலோகத் துண்டுகளும், ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்தி எடுக்கும் பொறுமையும் போதுமானதாக இருந்தன. ‘ஃபயர்ஸ் ஆன் தி ப்ளெய்ன்’ (2014) போர்ப் படத்துக்கு முதலீடு கிடைக்காதபோதும் சொந்தப் பணத்தைப் போட்டு, நாயகனாகத் தானே நடித்தார். அந்தப் படம் வெனிஸ் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவு வரை போனது. இடையிடையே ஸ்டுடியோக்களுக்கும் வேலை செய்திருக்கிறார், ஆனால் ஒவ்வொரு முறையும் தன் சிறு குழுவுக்கே திரும்பி வந்தார்.

கற்பனையின் அகலத்தில் இஷிதான் பெரியவர். ‘டெட்சுவோ’வின் வெறிவேகத்தில்கூட இஷியின் ஆரம்பப் படங்களின் சாயலைப் பார்க்கிறேன். இருந்தாலும் படம் எடுக்க ஆசைப்படும் இளைஞருக்கு நான் முதலில் காட்டுவது சுகமோட்டோவைத்தான். கையில் இருப்பதை வைத்து எவ்வளவு தூரம் போகலாம் என்று அவர் படங்கள் செய்தே காட்டுகின்றன.

சரி, ஒரே இரவில் இருவரையும் பார்க்க வேண்டுமா? 67 நிமிட ‘டெட்சுவோ’, அப்புறம் இஷியின் 55 நிமிட ‘எலக்ட்ரிக் டிராகன் 80000வி’. இரண்டும் கறுப்பு வெள்ளை, சேர்த்தால் இரண்டு மணி நேரம்தான். ஒலியை மட்டும் குறைத்து வைக்காதீர்கள்.