கொலம்போ டிவிடி தொகுப்பு: ஆறு முறை வந்துபோகும் ஒரு முகம்

அமெரிக்கத் துப்பறியும் தொடரான 'கொலம்போ'வின் முழுத் தொகுப்பை, கசங்கிய மழைக்கோட்டும் கையில் சுருட்டுமாக, துப்பறிவாளர் கொலம்போவாக வரும் பீட்டர் ஃபால்க்குக்காகத்தான் எல்லோரும் வாங்குவார்கள். நானும் அதற்காகத்தான் வாங்கினேன். 1968 முதல் 2003 வரை வெளியான 69 கதைகளையும் பார்த்து முடித்தபோது, ஃபால்க்குக்கு அடுத்தபடியாக மனத்தில் தங்கியவர் பெரும் புள்ளிகளாக வந்து கொலை செய்த நட்சத்திரங்களில் ஒருவரும் அல்லர், வீட்டோ ஸ்காட்டி என்ற துணை நடிகர்.

அவர் 1918இல் சான் ஃபிரான்சிஸ்கோவில் பிறந்தவர். 'காட்ஃபாதர்' படத்தின் தொடக்கத்தில், மகளை மணக்கவிருக்கும் இளைஞன் அமெரிக்காவிலேயே தங்க வழிசெய்யும்படி டானிடம் கேட்க வரும் ரொட்டிக்கடைக்காரர் நசோரின் நினைவிருக்கிறதா? காரியம் கைகூடிய மகிழ்ச்சியில், தான் செய்த கல்யாண கேக்கின் பெருமையைக் கைகளை விரித்துச் சொல்லிவிட்டுப் போகிறாரே, அவர்தான்.

இந்தத் தொகுப்பில் அவருக்கு ஆறு கதைகள், ஆறு வேடங்கள். 1973இல் வந்த ஒயின் ஆலைக் கதையில், அரிய போர்ட் ஒயின் வெப்பத்தில் கெட்டுவிட்டதென்று, கொலைகாரராக வரும் டொனால்ட் பிளெசென்ஸ் உணவகமே அதிரக் கத்தும்போது, தன் வாழ்நாள் மானமே போய்விட்டதுபோல் வெளிறி நிற்கும் மேற்பார்வையாளர் இவர். அதே ஆண்டில், தேர்தல் வேட்பாளர் ஒருவரின் கோட்டு பற்றி விசாரிக்க வரும் கொலம்போவை ஏற இறங்கப் பார்க்கும் மிடுக்கான தையல்காரர். 1974இல் சவ அடக்க நிலைய உரிமையாளர். துப்பறிய வந்தவரைக்கூட என்றோ ஒருநாள் வரப்போகும் வாடிக்கையாளராகவே எண்ணி, குழைந்து குழைந்து வியாபாரம் பேசுகிறார்.

இவை அனைத்திலும் சிறந்தது டிக் வான் டைக் கொலைகாரராக வரும் கதை. குடியில் ஊறிய, வீடற்ற சாட்சியாக வரும் ஸ்காட்டி தள்ளாடியும் குழறியும் சிரிப்பு வாங்குவதில்லை; கந்தல் உடையில் இருந்தபடியே, கனவானைப் போல நிறுத்தி நிதானமாகப் பேசுகிறார். இந்த மனிதர் முன்பு என்னவாக இருந்திருப்பார் என்ற கேள்வியை, திரைக்கதை சொல்லாமலே, அந்தப் பேச்சு எழுப்பிவிடுகிறது. 1975இல் வந்த வேடம் எனக்கு அவ்வளவாக ஒட்டவில்லை.

அவருடைய தொழில்வாழ்க்கை முழுவதும் இப்படி இருந்ததாகச் சொல்ல முடியாது. அயல்நாட்டு உச்சரிப்பு தேவைப்பட்ட இடங்களுக்கெல்லாம் ஹாலிவுட் அவரை அழைத்தது. 'கில்லிகன்ஸ் ஐலண்ட்' தொடரில் ஜப்பானிய மாலுமியாகக்கூட வேடம் கட்டினார், அதை இன்று பார்க்கக் கூச்சமாகவே இருக்கிறது. அந்தப் பின்னணியில்தான், ஒரே தொடர் அவரை மீண்டும் மீண்டும் அழைத்து, ஒவ்வொரு முறையும் வேறொரு மனிதராக நிற்க வைத்ததன் அருமை புரிகிறது. 1989இல், எழுபதைத் தாண்டிய வயதில், மதுக்கடை உரிமையாளராக வரும்போது அந்தப் பாத்திரத்துக்கே வீட்டோ என்று பெயரிட்டிருக்கிறார்கள்.

வாங்க நினைப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். டிவிடி வட்டுகள் உலகின் எந்தப் பகுதியில் ஓடும் என்று மண்டலவாரியாகப் பூட்டப்பட்டிருக்கும். அமெரிக்கப் பதிப்பின் வட்டுகள் முதலாம் மண்டலத்துக்கானவை. இந்தியா ஐந்தாம் மண்டலத்தில் இருப்பதால், எல்லா மண்டல வட்டுகளையும் ஏற்கும் பிளேயர் இல்லாவிட்டால் அவை ஓடமாட்டா. எனக்குத் தொகுப்பை விற்ற பழைய பொருள் வியாபாரி இதைச் சொல்லவில்லை. முதல் வட்டைப் போட்ட பிறகே தெரிந்தது. முழுத் தொகுப்பின் விலை அதிகமென்று தோன்றினால் மூன்றாம் பருவத்தை மட்டும் தனியாக வாங்கலாம். உணவக மேற்பார்வையாளர், தையல்காரர், சவ அடக்கக்காரர் மூவரும் அதில் இருக்கிறார்கள். அந்தக் குடிகாரரைப் பார்க்க நான்காம் பருவமும் வேண்டும்.