சோழமண்டலக் கரைக் கல்லறைகள்: பெங்களூரிலிருந்து போகும் வேன் பயணம் எப்படி?

வெள்ளி ராத்திரி அல்சூரில் ஏற்றிக்கொண்டு, பழவேற்காடு, சென்னை, சதுரங்கப்பட்டினம், தரங்கம்பாடி என்று கடலோரமாக இருக்கும் பழைய கல்லறைத் தோட்டங்களையும் போர்க் கல்லறைகளையும் காட்டிவிட்டு, திங்கள் விடியற்காலையில் திரும்பக் கொண்டுவந்து விடும் பயணம் இது. நடத்துகிறவர்கள் பெங்களூர்த் தமிழர்கள்தான், எல்லாமே தமிழில்தான் சொல்கிறார்கள். அவர்கள் பெயரை இங்கே போடவில்லை. கீழே குறைகளும் எழுதியிருக்கிறேன், சின்ன ஆட்கள், இப்போதுதான் தொடங்கியிருக்கிறார்கள்; வேண்டியவர்கள் கேட்டால் தனியாகச் சொல்கிறேன். தலைக்கு 6,500 ரூபாய், அதில் வேன், ஒரு ராத்திரி தங்கல், காலைப் பலகாரம் அடக்கம். முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: வீட்டில் யாராவது பட்டாளத்தில் இருந்திருந்தால் கண்டிப்பாகப் போங்கள், சென்னை நந்தம்பாக்கத்தில் இருக்கும் போர்க் கல்லறைத் தோட்டம் ஒன்றுக்காகவே போகலாம். மற்றபடி, இடங்களைப் பாதியாகக் குறைத்தால்தான் இது உருப்படியான பயணமாகும்.

பெங்களூரில் இதற்கு ஆள் சேர்வது ஆச்சரியமில்லை. ராணுவப் பொறியாளர் படையான மெட்ராஸ் சாப்பர்ஸின் தலைமையிடம் அல்சூர் ஏரிக்கரையில்தான் இருக்கிறது, அந்தப் படையின் ஜவான்களுக்குத் 'தம்பி' என்றே பெயர். மர்ஃபி டவுன், ஆஸ்டின் டவுன் பக்கம் தாத்தா பட்டாளத்தில் இருந்தார் என்று சொல்லும் வீடுகள் நிறைய. பிரிகேட் ரோட்டில் மெட்ராஸ் பயனியர்கள் என்ற பழைய படையின் நினைவுத்தூண் நிற்கிறது, எத்தனையோ தடவை அதைக் கடந்திருப்போம், நின்று படித்தவர்கள் குறைவு. வேனில் பாதிப் பேர் இப்படிப்பட்ட குடும்பத்துக்காரர்கள், ஓய்வு பெற்ற சுபேதார் ஒருவரும் வந்திருந்தார். பொழுதுபோக்காக வந்தவர்கள் யாரும் இல்லை. அதனாலேயே வழிகாட்டித் தம்பிக்குக் கேள்விகள் கொஞ்சம் கடுமையாகவே விழுந்தன.

முதலில் பழவேற்காடு. டச்சுக்காரர்கள் 1613இல் இங்கே கெல்ட்ரியா கோட்டையைக் கட்டினார்கள், 1690இல் நாகப்பட்டினத்துக்கு மாறும்வரை சோழமண்டலக் கரையில் அவர்களுக்குத் தலைமையிடம் இதுதான். கோட்டை இன்று மண்மேடும் புதரும். கல்லறைத் தோட்டம் மட்டும் தொல்லியல் துறை கையில் இருப்பதால் தப்பித்திருக்கிறது. நுழைவாசலில் இரண்டு எலும்புக்கூடுகளைக் கல்லில் செதுக்கி வைத்திருக்கிறார்கள், உள்ளே கருங்கல் பலகைகளில் குலச் சின்னங்களும் டச்சு எழுத்தும் இன்றைக்கும் கூர்மை குறையாமல் இருக்கின்றன. நம்மூர்க் கல்தச்சர் கை என்று பார்த்தவுடனே தோன்றும். வழிகாட்டி சின்னங்களை ஒவ்வொன்றாக விளக்கினார், துணி வியாபாரத்தைப் பற்றி நன்றாகவே சொன்னார், வெடிமருந்து ஆலை இருந்ததைச் சொன்னார். ஆனால் இதே துறையிலிருந்துதான் பஞ்ச காலங்களில் நம் சனங்களை அடிமைகளாக வாங்கி பத்தாவியாவுக்கு, அதாவது இன்றைய ஜகார்த்தாவுக்கு, கப்பலேற்றினார்கள் என்பதை அவராகச் சொல்லவில்லை. நான் கேட்ட பிறகுதான் 'ஆமா சார், அதுவும் நடந்துச்சு' என்றார். இது எனக்குப் பெரிய குறையாகவே படுகிறது. வியாபாரிக்கு மேலே கோபுரம் வைத்த கல்லறை இருக்கிறது, அவன் ஏற்றி அனுப்பியவர்களுக்கு இந்தக் கரையில் ஒரு கல்கூட இல்லை. அந்த வாசலில் நின்றுகொண்டு அதைச் சொல்லாமல் வேறு எங்கே சொல்வது? அடுத்த குழுவுக்காவது கேட்காமலே சொல்ல வேண்டும்.

சென்னையில் புனித ஜார்ஜ் கோட்டைக்குள் இருக்கும் புனித மேரி ஆலயம். 1680இல் திறந்தது. அடையாள அட்டை கட்டாயம், பையைச் சோதித்துத்தான் உள்ளே விடுவார்கள், மறந்துவிட்டு வராதீர்கள். ஆலயத்தைச் சுற்றித் தரையில் பதித்திருக்கும் கற்கள் முதலில் இங்கே இருந்தவை இல்லை. பின்னாளில் சட்டக் கல்லூரி இருந்த வளாகத்தில் முன்பு ஓர் இடுகாடு இருந்தது, அங்கிருந்து வந்தவை. 1758-59 முற்றுகையில் தளபதி லாலியின் பிரெஞ்சுப் படை அந்த உயரமான கல்லறைகளுக்குப் பின்னால் பதுங்கிக்கொண்டு கோட்டையைச் சுட்டது, அதனால் சண்டை முடிந்ததும் ஆங்கிலேயர்களே தங்கள் முன்னோர் கல்லறைகளை இடித்துவிட்டு, எழுத்துப் பலகைகளை மட்டும் கோட்டைக்குள் கொண்டுவந்தார்கள். கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி ஆரோன் பேக்கரின் மனைவி எலிசபெத்துக்கான 1652ஆம் வருடக் கல் அதில் ஒன்று. இடிக்காமல் விட்ட கல்லறை ஒன்று அந்தப் பழைய சட்டக் கல்லூரி வளாகத்தில் இன்னும் நிற்கிறது: ஜோசப் ஹின்மர்ஸும், சிறுபிள்ளையாக இறந்த டேவிட் யேலும் அதில் இருக்கிறார்கள். ஹின்மர்ஸின் விதவை கேத்தரினைத்தான், பின்னால் மெட்ராஸ் கவர்னரான எலிஹு யேல் இந்தப் புனித மேரி ஆலயத்தில் மணந்தார், டேவிட் அவர்கள் மகன். முதல் கணவரும் இரண்டாம் கணவருக்குப் பிறந்த பிள்ளையும் ஒரே கூரைக்குக் கீழே. அந்த இடத்தைப் பார்க்க எனக்கு ரொம்ப ஆசை, ஆனால் அனுமதி வாங்கவில்லை என்று வேனிலிருந்தே கையைக் காட்டிவிட்டார்கள். பயணப் பட்டியலில் பெயரைப் போட்டுவிட்டு இப்படிச் செய்யக் கூடாது.

சரி, நந்தம்பாக்கத்துக்கு வருகிறேன். இங்கே அவர்கள் செய்ததற்கு எவ்வளவு பாராட்டினாலும் தகும்.

மெட்ராஸ் போர்க் கல்லறைத் தோட்டம், பரங்கிமலை-பூந்தமல்லி சாலையில் இருக்கிறது. 1952இல் அமைத்தது. தென்னிந்தியா, கிழக்கிந்தியா முழுக்க ஊர்க் கல்லறைகளிலும் கண்டோன்மென்ட் கல்லறைகளிலும் சிதறிக் கிடந்த இரண்டாம் உலகப்போர் வீரர்களை, அங்கேயே வைத்துப் பராமரிக்க வழியில்லை என்று எடுத்து வந்து இங்கே அடக்கம் செய்தார்கள். 850க்கு மேற்பட்ட கல்லறைகள். எல்லாக் கல்லும் ஒரே அளவு, ஜெனரலுக்கும் சிப்பாய்க்கும் வித்தியாசம் கிடையாது. 1917இல் ஃபேபியன் வேர் முயற்சியில் தொடங்கிய போர்க் கல்லறை ஆணையத்தின் விதி அது. படையின் சின்னம், எண், பெயர், தேதி, வயது, அடியில் குடும்பத்தார் எழுதி அனுப்பிய ஒரு வரி. அந்தக் கடைசி வரிகளை வழிகாட்டி தமிழில் சொல்லிக்கொண்டே வந்தார், அவசரப்படவே இல்லை. இருபது, இருபத்தொன்று, இருபத்திரண்டு என்று வயதைப் பார்க்கப் பார்க்க வேனில் கூச்சல் போட்டுக்கொண்டு வந்த பையன்கள்கூட அடங்கிவிட்டார்கள். புல்வெளியும் பூச்செடிகளும் அவ்வளவு சுத்தம். பின்பக்கம் முதல் உலகப்போர் நினைவிடம் இருக்கிறது, இந்தியாவில் எங்கெங்கோ அடக்கமாகி, கல்லறையைக் காப்பாற்ற முடியாமல் போன 1,000 பேருக்கு மேல் பெயர் இருக்கிறது.

வரிசை வரிசையாகப் பார்த்துவிட்டு சுபேதார் ஐயா கேட்டார்: 'இதெல்லாம் சரி தம்பி, நம்ம ஆளுங்க எங்க?' எல்லார் மனதிலும் இருந்த கேள்வி. வழிகாட்டி எங்களை மரநிழலில் உட்காரவைத்து நேராகப் பதில் சொன்னார். இந்து வீரர்களைச் சண்டை நடந்த இடத்திலேயே தகனம் செய்தார்கள், அதனால் கல்லறை இல்லை, பெயர் மட்டும் எங்கோ ஒரு சுவரில் இருக்கும். பர்மாவில் விழுந்தவர்கள் என்றால் தாக்கியானில் உள்ள ரங்கூன் நினைவிடம், அங்கே கிட்டத்தட்ட 27,000 பெயர். மலாயா, சிங்கப்பூர் என்றால் கிராஞ்சி, அங்கே 24,000க்கு மேல். இத்தாலி என்றால் சாங்ரோ ஆற்றங்கரையில் தகனம் செய்யப்பட்டவர்களுக்கென்றே ஒரு நினைவிடம். மெட்ராஸ் சாப்பர்ஸின் சுபேதார் சுப்பிரமணியன் கதையையும் சொன்னார்: 1944இல் இத்தாலியில் மிஞ்ஞானோ பக்கம் கண்ணிவெடி வெடிக்கப்போகிறது என்று தெரிந்ததும் கூட இருந்தவர்களைக் காப்பாற்ற அதன் மேல் விழுந்து உயிரைக் கொடுத்தவர், அதற்காக ஜார்ஜ் கிராஸ் என்ற வீர விருது பெற்றவர். சுபேதார் ஐயா அப்போது எழுந்து நின்றுவிட்டார்.

முதல் உலகப்போரில் கதை வேறு என்பதையும் வழிகாட்டி மறைக்கவில்லை. ஈராக்கில் உள்ள பாஸ்ரா நினைவிடத்தில் இந்திய அதிகாரிகளைப் பெயர் போட்டும், சிப்பாய்களை வெறும் எண்ணிக்கையாகவும் பொறித்தார்கள். 'எல்லாரும் சமம்' என்ற விதி ஆசியா, ஆப்பிரிக்கா பக்கம் வந்ததும் தேய்ந்துவிட்டது. 2021இல் ஆணையமே ஒரு விசாரணை அறிக்கை வெளியிட்டு இதை ஒப்புக்கொண்டது: 45,000 முதல் 54,000 பேர்வரை மற்றவர்களுக்குச் சமமாக நினைவுகூரப்படவில்லை, அதுபோக குறைந்தது 1,16,000 பேருக்குப் பெயரே பொறிக்கவில்லை, அல்லது எந்த நினைவுச்சின்னமும் இல்லை, அந்த எண்ணிக்கை 3,50,000 வரை போகலாம். அவர்களில் பெரும்பாலோர் ஆப்பிரிக்கர்கள், எகிப்தியர்கள், இந்தியர்கள். பழவேற்காட்டில் வாயை மூடிக்கொண்ட அதே ஆள் இங்கே இவ்வளவு தெளிவாகப் பேசினார்.

அப்புறம் கைபேசியை எடுத்து ஆணையத்தின் தளத்தில் தேடச் சொல்லிக் கொடுத்தார். காசு கிடையாது, யாரும் தேடலாம். இந்தப் பயணத்தில் எனக்கு மிகவும் உபயோகப்பட்டது இதுதான், அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன். பெயரை மட்டும் போட்டால் கிடைக்காது. முனுசாமியை அந்தக் காலத்துக் குமாஸ்தா நாலு விதமாக எழுதியிருப்பான், பெயரின் முதல் பாதியை மட்டும் போட்டுப் பாருங்கள். படையின் பெயர் தெரிந்தால் பாதி வேலை முடிந்தது: குயின் விக்டோரியாஸ் ஓன் மெட்ராஸ் சாப்பர்ஸ் அண்ட் மைனர்ஸ், மெட்ராஸ் ரெஜிமெண்ட், இந்தியன் பயனியர் கோர், ராயல் இந்தியன் ஆர்மி சர்வீஸ் கோர். சண்டையில்தான் இறந்திருக்க வேண்டும் என்று இல்லை, காய்ச்சலில் போனவர்களும் இருப்பார்கள். 1939 செப்டம்பர் 3 முதல் 1947 டிசம்பர் 31 வரை பணியில் இறந்தவர்கள் கணக்கில் உண்டு. இரண்டாம் போர்ப் பதிவுகள் பலவற்றில் அப்பா பெயர், மனைவி பெயர், ஊர், பழைய ஜில்லா எல்லாம் இருக்கும், அதை வைத்துத்தான் நம்ம ஆள்தானா என்று உறுதி செய்ய வேண்டும். வேலூர்ப் பக்கத்து ஊர்களைத் தேடுகிறவர்கள் வட ஆற்காடு என்று தேடுங்கள்.

எங்களுடன் வந்த ஓர் அம்மாவுக்கு அவருடைய பெரியப்பா பர்மாவில் போனார் என்பது மட்டும்தான் தெரியும். வீட்டில் ஒரு போட்டோ இருக்கிறதாம், திதி கொடுக்கத் தேதி தெரியாததால் மகாளய அமாவாசையில்தான் கொடுத்து வந்திருக்கிறார்கள். பெயரைப் பல மாதிரி மாற்றிப் போட்டு, தாத்தா பெயரும் ஊரும் பொருந்துகிற ஒரு பதிவு கிடைத்தது. ரங்கூன் நினைவிடம், பலகை எண், இறந்த தேதி. அந்தத் தேதியைப் பஞ்சாங்கத்தில் பார்த்தால் திதி தெரிந்துவிடும் என்று சுபேதார் ஐயா சொன்னதும் அந்த அம்மா அழுதுவிட்டார். எண்பது வருடத்துக்குப் பிறகு ஒரு வீட்டுக்குத் தேதி கிடைத்திருக்கிறது. 6,500 ரூபாய்க்கு இதைவிட என்ன வேண்டும்?

மறுநாள் அவ்வளவு சரியில்லை. சதுரங்கப்பட்டினம் கல்பாக்கத்தை ஒட்டி இருக்கிறது, டச்சுக் கோட்டைக்குள்ளேயே கல்லறைகள். அந்தக் கதவு பூட்டியிருக்கும், தொல்லியல் துறைக் காவலர் வந்து திறந்தால்தான் உண்டு. முன்கூட்டிச் சொல்லிவைக்காததால் வெயிலில் காத்திருந்தோம். திறந்த பிறகு பார்க்க வேண்டிய இடம்தான், பழவேற்காட்டை விடச் சிறியது, ஆனால் கல் வேலைப்பாடு குறைச்சலில்லை. இதற்கு நேர் எதிரே கடலில்தான் 1782 பிப்ரவரி 17 அன்று ஹியூஸின் ஆங்கிலக் கப்பல்களும் சஃப்ரனின் பிரெஞ்சுக் கப்பல்களும் மோதின.

அங்கே போன நேரத்தை ஈடுகட்ட முடியாமல் தரங்கம்பாடி போய்ச் சேரும்போது இருட்டிவிட்டது. 1620 முதல் 1845 வரை டேனிஷ்காரர்கள் இருந்த ஊர், 1706இல் ஜெர்மன் பாதிரியார் சீகன்பால்கு வந்து இறங்கிய ஊர், அவர் அடக்கமான புதிய எருசலேம் ஆலயம் 1718இல் கட்டியது, இதையெல்லாம் டார்ச் அடித்துக் கல்லெழுத்தைத் தேடிப் பார்க்கிற மாதிரி ஆனது. டேனிஷ் கல்லறைகளில் ஒன்றையும் ஒழுங்காகப் படிக்கவில்லை. தரங்கம்பாடிக்குத் தனியாக ஒரு முழு நாள் வேண்டும். இல்லையென்றால் பட்டியலிலிருந்தே எடுத்துவிடலாம்.

வேன் நன்றாக இருந்தது, ஓட்டுநர் நிதானம். சென்னையில் தங்கவைத்த இடம் சுமார்தான், சுத்தம் இருந்தது, வெந்நீர் இல்லை. கல்லறைத் தோட்டங்களில் கழிவறை கிடையாது, வழியில் எங்கே நிறுத்துவார்கள் என்பதைப் பெண்களும் வயதானவர்களும் முதலிலேயே கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். தொப்பி, தண்ணீர் இரண்டும் கட்டாயம். வீட்டில் இருக்கும் பழைய மெடல், டிஸ்சார்ஜ் காகிதம், கடிதம் எதுவாக இருந்தாலும் போட்டோ எடுத்துக் கொண்டுபோங்கள், நந்தம்பாக்கத்தில் அது கைகொடுக்கும்.

தென்பக்கம் ஒரு பயணம் யோசிக்கிறார்களாம்: பாஞ்சாலங்குறிச்சிப் போர்களில் விழுந்த ஆங்கிலேயர்களின் கல்லறைகள், அப்புறம் தக்கலை பக்கம் உதயகிரிக் கோட்டையில் டச்சுத் தளபதி டி லனாய் கல்லறை. 1741 குளச்சல் போரில் பிடிபட்டு, பிறகு திருவிதாங்கூர்ப் படையையே பழக்கியவர், அவர் கல்லில் லத்தீனும் தமிழும் சேர்ந்து இருக்கிறது. அதற்குப் பெயர் கொடுத்துவிட்டேன். கூடவே இரண்டு விஷயம் எழுதி அனுப்பியிருக்கிறேன்: பூட்டியிருக்கும் இடங்களுக்கு முன்கூட்டியே அனுமதி வாங்கிவிடுங்கள், பாஞ்சாலங்குறிச்சியில் எதிர்ப்பக்கம் நின்று செத்தவர்களைப் பற்றியும் கேட்காமலே சொல்லுங்கள். முதலாவதற்குச் சரி என்று பதில் வந்திருக்கிறது, இரண்டாவதற்கு இன்னும் வரவில்லை.