பேநவ்–யூபிஐ: மருந்துச் செலவுக்கு அருமை, மனை வாங்க உதவாது

சிங்கப்பூரின் சிராங்கூன் சாலையில் பணம் அனுப்பும் கடைகளின் ஞாயிறு வரிசையைப் பார்த்தால், கைப்பேசியிலேயே ஊருக்குப் பணம் அனுப்பும் வசதி வந்து சில ஆண்டுகள் ஆகிவிட்டன என்று யாரும் நம்பமாட்டார்கள். 2023 பிப்ரவரி 21 அன்று இரு நாட்டுப் பிரதமர்கள் முன்னிலையில், இரு மத்திய வங்கித் தலைவர்களும் உடனடிப் பணமாற்று முறைகளான சிங்கப்பூரின் பேநவ்வையும் இந்தியாவின் யூபிஐயையும் இணைத்துவைத்தார்கள். அன்று எனக்கு அது இன்னொரு அரசாங்க விழாவாகத்தான் பட்டது. இப்போது கும்பகோணத்தில் இருக்கும் அம்மாவின் மருந்துச் செலவு அந்த வழியாகத்தான் போகிறது.

வேலை சுலபம். செயலியில் அம்மாவின் யூபிஐ ஐடியைத் தட்டினால் வங்கியில் உள்ள பெயர் திரையில் வரும். பாஸ்புக்கில் விட்டுப்போன அப்பாவின் முன்னெழுத்து இங்கும் இல்லை. அதை வைத்தே அம்மாதான் என்று உறுதி செய்துகொள்கிறேன். ஐம்பது வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) அனுப்பிவிட்டுத் தேநீர் போட எழுந்தால் அதற்குள் அழைப்பு வந்துவிடும்: "வந்துவிட்டது கண்ணு, மாத்திரை வாங்கப் போகிறேன்." ஐம்பது வெள்ளிக்காக யார் அந்தக் கடைகள் இருக்கும் தேக்கா வரை போவார்கள்? முன்பெல்லாம் சம்பளம் வரட்டும் என்று சின்னத் தேவைகளையும் தள்ளிப்போடுவோம். அந்தப் பழக்கம் போய்விட்டது.

குறைகளும் உண்டு. தொடங்கியபோது வைத்த வரம்பு நாளொன்றுக்கு 60,000 ரூபாய், அதாவது ஏறத்தாழ 1000 வெள்ளி. தம்பி மனை வாங்கியபோது இதை நம்பியிருந்தால் பத்திரப்பதிவே தள்ளிப்போயிருக்கும், கடைக்குத்தான் போனேன். அங்கே மாற்று விகிதத்தைப் பெரிய எழுத்தில் பலகையில் போட்டிருப்பார்கள், பிடிக்கவில்லை என்றால் அடுத்த கடை. என் வங்கியின் செயலியோ விகிதத்தைக் கடைசித் திரையில், கண்ணாடி போட்டும் படிக்க முடியாத எழுத்தில் காட்டுகிறது. கேட்டு எழுதினால் "உங்கள் கருத்துக்கு நன்றி" என்று பதில் வருகிறது.

பெறுகிறவரின் வங்கியும் இதில் சேர்ந்திருக்க வேண்டும். முதல் ஆறு வங்கிகளில் இந்தியன் வங்கியும் இந்தியன் ஓவர்சீஸ் வங்கியும் இருந்தன. இரண்டுக்கும் தலைமையகம் சென்னை என்பதில் எனக்கு ஒரு சின்னப் பெருமை. 2025 ஜூலையில் கனரா, எச்டிஎஃப்சி உள்ளிட்ட மேலும் சில சேர்ந்தன. அத்தையின் கணக்கு கூட்டுறவு வங்கியில் இருக்கிறது. அவருக்கு இந்த வழியில் ஒரு காசும் போகாது.

இங்கே கடைகளில் சீனப் பணம் செலுத்தும் செயலியான அலிபேயின் ஒட்டுவில்லையை எங்கும் பார்க்கலாம். சீனா தன் நிறுவனங்களைக் கொண்டு வெளியே வந்தது. இந்தியா அனுப்பியது ஒரு பொது வழித்தடத்தை: 2016-இல் தொடங்கிய யூபிஐயை நடத்துவது வங்கிகள் சேர்ந்து உருவாக்கிய, லாப நோக்கமில்லாத அமைப்பு. 2023 ஆகஸ்டில் ஒரே மாதத்தில் 1000 கோடிப் பரிவர்த்தனைகளைத் தாண்டியது. அதே ஆண்டு ஜி20 தலைமையில் இருந்தபோது, இத்தகைய எண்மப் பொதுக் கட்டமைப்பை இந்தியா மற்ற நாடுகளிடம் எடுத்துச் சொன்னது. 2024-இல் இலங்கையிலும் மொரீஷியஸிலும் யூபிஐ அறிமுகமானது. ராக்கெட்டைப் பற்றி மேடையில் பேசுவது எளிது. என்னைக் கேட்டால், அயலுறவில் இந்தியா வைத்த கெட்டிக்காரத்தனமான அடி இதுதான். தொழில்நுட்பத்தை வாங்கியே பழகிய நாடு, இதில் தன் சரக்கோடு வந்து சமமாக உட்கார்ந்திருக்கிறது. வரம்பை உயர்த்துவதில் மட்டும் இரு தரப்புக்கும் ஏன் இத்தனை தயக்கமோ!

2024-இல் நெக்ஸஸ் திட்டத்தில் இந்தியாவும் சேர்ந்தது. சிங்கப்பூர், மலேசியா, தாய்லாந்து, பிலிப்பைன்ஸ் ஆகியவற்றின் உடனடிப் பணமாற்று முறைகளோடு யூபிஐயையும் ஒரே வலையில் கோப்பது அதன் நோக்கம். மலேசியாவின் ஜோகூரில் இருக்கும் சித்தி, அம்மாவுக்குப் பொங்கல் சீரை என் கணக்கு வழியாகத்தான் அனுப்புகிறார். அது நடைமுறைக்கு வந்தால் நேராகவே அனுப்பிவிடுவார். எனக்குக் கணக்கு எழுதுகிற வேலை மிச்சம்.