மதம் தேய்கிறதா, போட்டியில் வளர்கிறதா?

பல மதங்கள் அருகருகே நின்றால் நம்பிக்கை தளரும் என்று 1967இல் சமூகவியலாளர் பீட்டர் பெர்கர் வாதிட்டார். பின்னர் வந்த சமூகவியலாளர்கள் ரோட்னி ஸ்டார்க்கும் ரோஜர் ஃபிங்கும் இதைத் தலைகீழாக்கினார்கள்: போட்டி இருந்தால் சபைகள் உழைக்கும், ஆட்கள் கூடுவார்கள், அரசு தாங்கிப்பிடிக்கும் ஏகபோகச் சபை சோம்பிவிடும். அமெரிக்காவுக்கு இது பொருந்துகிறது. ஒரே திருச்சபை கோலோச்சிய போலந்தில் ஆலயங்கள் நிரம்பி வழிந்ததை விளக்கத் திணறுகிறது.

இந்த வழியில் எனக்கு மிகவும் பிடித்தது பொருளியலாளர் லாரன்ஸ் இயனகோனின் 1994ஆம் ஆண்டுக் கட்டுரை. மது கூடாது, உடையில் கட்டுப்பாடு என்று சபையில் இருப்பதற்கான விலை ஏறும்போது, வாயை மூடிக்கொண்டு கூட்டத்தோடு நிற்பவர்கள் விலகிவிடுகிறார்கள். மிஞ்சியவர்கள் முழுக் குரலில் பாடுகிறார்கள். அருமையான விளக்கம்! ஆனால் பிள்ளைப் பருவத்திலேயே ஊறிய பக்தியை, சந்தையில் பொருள் வாங்குவதுபோலக் கணக்குப் பார்த்துத் தேர்ந்தெடுத்ததாகச் சொல்ல என் மனம் ஒப்பவில்லை. பெர்கரோ, உலகம் மதத்தைத் துறந்துவருகிறது என்ற தம் பழைய கருத்தை 1999இல் பகிரங்கமாகவே கைவிட்டார்.